நாங்கள் வலம் வந்த இரும்புக் கோபுரம்

தொண்ணூறுகளில் லண்டன் டூட்டிங்கில் எந்தத் தமிழ் வீட்டுக்குப் போனாலும் தொலைக்காட்சிப் பெட்டிக்கு மேலே ஒரு பிள்ளையார் இருப்பார், பக்கத்தில் ஒரு பிளாஸ்டிக் பூச்சாடி, அதற்குப் பக்கத்தில் ஒரு சாண் உயரத்தில் பாரிசின் ஈபிள் கோபுரம். போய்வந்தவர்கள் வாங்கிவந்தது, அல்லது போனவர்கள் போகாதவர்களுக்குக் கொண்டுவந்து கொடுத்தது. எங்கள் வீட்டில் பிள்ளையார் இருந்தார், பூச்சாடியும் இருந்தது. கோபுரம் இருக்கவில்லை. என் மகள் பள்ளிக்கூடச் சுற்றுலாவில் போய் ஒன்று வாங்கிவந்தபோது, அதை உன்னுடைய அறைக்குள்ளேயே வைத்துக்கொள் என்று சொல்லிவிட்டேன். ஏன் என்று கேட்டாள். "என்ரை கண்ணிலை அது படக்கூடாது, அவ்வளவுதான்" என்றேன். பிள்ளைக்கு முகம் சுருங்கிப் போய்விட்டது. அவள் அப்போது சின்னவள். இப்போது வளர்ந்துவிட்டாள், சொல்லலாம்.

பாரிசில் எனக்கு ஒரு தம்பி இருந்தான். ஒரே தம்பி. எண்பதுகளின் நடுவில் நான் கல்யாணம் முடித்து லண்டனுக்கு வெளிக்கிட்டபோது யாழ்ப்பாணம் புகையிரத நிலையத்தில் என் பெட்டியைத் தூக்கிக்கொண்டு வந்தவன். மீசை அரும்பாத வயது. அதற்குப் பிறகு அவன் இயக்கத்துக்குப் போனான், இயக்கத்தை விட்டு ஓடினான், கடைசியில் ஒரு ஏஜென்சிக்காரன் லண்டன் என்று சொல்லிக் கூட்டிவந்து பாரிசில் இறக்கிவிட்டு மாயமானான். அங்கே அவனுடைய அகதிக் கேஸை நிராகரித்துவிட்டார்கள். ஒரு உணவகத்தின் நிலவறையில் கோப்பை கழுவினான். எட்டுப் பேரோடு ஒரு அறையில் படுத்தான். அறையில் தொலைபேசி இல்லை. ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் தெருவிலுள்ள பூத்துக்குப் போய் அவன்தான் எனக்குத் தொலைபேசி எடுப்பான். நான் அவனுக்கு எடுக்க வழியில்லை.

அவன் எடுத்தால் முதற் கேள்வி ஒன்றுதான். "அம்மா என்னவாம்?"

அம்மா ஊரில் தனியாக இருந்தார். இழுப்புக்காரி. சண்டையால் பாதை பூட்டி, மருந்து வராமல் போன காலத்தில் ஒரு மாரிக்குளிரில் மூச்சு நின்றுபோயிற்று. கொழும்பிலிருந்து மாமா எடுத்துச் சொன்னபோது அம்மாவை எரித்து ஒரு கிழமைக்கு மேலாகிவிட்டது. தகப்பனுக்கு மூத்த மகன், தாய்க்கு இளைய மகன் கொள்ளி வைக்க வேண்டும் என்பது எங்கள் வழக்கம். எங்கள் வீட்டில் மூத்ததும் இளையதும் அவன் ஒருவன்தான். அவன் பாரிசில் கோப்பை கழுவிக்கொண்டிருக்க, பெரியப்பாவின் மகன் கொள்ளி வைத்தானாம்.

அடுத்த ஞாயிறு தம்பி எடுத்தான். "அம்மா என்னவாம்?" நான் சொன்னேன்: "சுகமா இருக்கிறா. உன்னைக் கேட்டவவாம்."

வாய் கூசாமல் வந்தது. ஏன் வந்தது என்றால், எங்களில் இழவை ஆள் அனுப்பித்தான் சொல்வார்கள். வாசலில் வந்து நின்று, முதலில் வருத்தம் கடுமையாகக் கிடக்கு என்று சொல்லி, தண்ணீர் குடிக்க வைத்து, கையைப் பிடித்துக்கொண்டு கூட்டிப்போய், பாதி வழியில்தான் உண்மையை விடுவார்கள். விழுந்தால் தாங்க ஒரு ஆள் பக்கத்தில் இருக்க வேண்டும். இது சும்மா பழைய வழக்கமென்று நினைத்துவிட வேண்டாம். எங்கள் வீட்டு மேலறையில் வாடகைக்கு இருந்த ஒரு பெடியனுக்கு அவனுடைய தாய் போன சேதி தொலைபேசியில்தான் வந்தது. வீட்டு நடையில் நின்று கேட்டான். "ஓம், ஓம்" என்றான். ரிசீவரை வைத்தான். சாப்பிட்ட கோப்பையைக் கழுவிக் கவிழ்த்துவிட்டு ஷிப்டுக்கு என்று போனான். பிறகு பொலிஸ்தான் கதவைத் தட்டியது. தண்டவாளத்தில் கிடந்தானாம். அவன் கவிழ்த்து வைத்த கோப்பையை நான்தான் எடுத்து அடுக்கினேன், அந்தக் கையோடு என் தம்பிக்கு எப்படித் தொலைபேசியில் இழவு சொல்வது?

என் கணவர் பெற்றோல் நிலையத்தில் இரண்டு ஷிப்ட் வேலை செய்தவர், எதையும் சட்டென்று முடிக்க வேண்டும் அவருக்கு. "சொல்லிவிடு. வைச்சு வைச்சு என்ன செய்யப்போறாய்?" என்றார். நான் மேலறைப் பக்கம் பார்த்தேன். அவரும் பார்த்தார். "சரி, போய்ச் சொல்லு" என்று மட்டும் சொன்னார்.

போவதென்றால் சும்மாவா? பயணப் பத்திரம் வர வேண்டும், அதில் பிரெஞ்சு விசா குத்த வேண்டும். மாதங்கள் ஓடின. முப்பத்தோராம் நாள் அந்தியேட்டி முடிந்து துடக்குக் கழிந்தபின் வெள்ளிக்கிழமைகளில் ஆர்ச்வே முருகன் கோவிலுக்குப் போய், வலம் வந்து வலம் வந்து, விசாவைத் தா என்று கேட்டேன். ஞாயிற்றுக்கிழமைகளில் செத்தவரைச் சுகமாக்கினேன். அம்மா கறி காய்ச்சினார், அம்மா கோவிலுக்குப் போனார், அம்மா உனக்குப் பெண் பார்க்கிறார். என்ன கேவலமான பிழைப்பு! ரிசீவரை வைத்தவுடன் குளியலறைக்குள் போய்த் தண்ணீர்க் குழாயைத் திறந்துவிட்டு அழுவேன்.

விசா கிடைத்த மாதம், அப்பர் டூட்டிங் வீதியில் மளிகைக் கடை வைத்திருந்த ஒரு அண்ணை பாரிசுக்குப் பஸ் விட்டார். வருடத்தில் சில தடவை விடுவார். வெள்ளி பின்னேரம் வெளிக்கிட்டு, டோவரில் கப்பலேறி, சனி காலை கோபுரத்தடியில் இறங்கலாம். மத்தியானம் வரை கோபுரம், பிறகு லாசப்பல் தமிழ்க் கடைகள், இருட்ட முன் திரும்பப் பயணம். ஞாயிறு எடுத்த தம்பியிடம் லாசப்பலுக்கு வா என்றேன்.

"விசரே அக்கா உனக்கு? அங்கை இயக்க ஆக்கள் நிக்கினம். பொலிசும் நிக்குது. நான் அந்தப் பக்கம் தலைவைச்சும் படுக்கிறேல்லை."

"அப்ப எங்கையடா சந்திக்கிறது?"

"கோபுரத்தடிக்கு வாறன். அங்கை உலகத்துச் சனமெல்லாம் வரும். எல்லாரும் மேலைதான் பாத்துக்கொண்டு நிப்பினம். ஆரும் ஆற்றையும் முகத்தைப் பாக்காயினம்."

"நீ பாத்திருக்கிறியோ கோபுரத்தை?"

"எங்கை? தூரத்திலை தலையை மட்டும் கண்டிருக்கிறன்."

"சரி, கோபுர வாசலிலை நில். பத்து மணிக்கு."

"ஓம். வாசலிலை நிக்கிறன்."

இரண்டு பேரும் கோவில் பார்த்து வளர்ந்தவர்கள். கோபுரம் என்றால் வாசல் இருக்கும், வாசல் என்றால் ஒன்று, அதில் நின்றால் ஆளைக் காணலாம். இதற்கு மேல் விளக்கம் வேண்டுமென்று எங்கள் இருவரில் ஒருவருக்கும் தோன்றவில்லை.

பஸ் முழுக்கக் கட்லட் வாசம். ஒவ்வொருவர் மடியிலும் பாரிசிலுள்ள யாருக்கோ ஒரு பார்சல். என் மடியில் மாசிச் சம்பலும் ஒரு கம்பளிச் சட்டையும். பக்கத்தில் மன்னாரைச் சேர்ந்த ஒரு அக்கா இருந்தார். வேதக்காரர், ஆஸ்பத்திரியில் துப்புரவு வேலை, ஓய்வாக ஒரு நாள் கோபுரம் பார்க்க வந்தவர். என் விஷயத்தை அவருக்கு மட்டும் சொன்னேன். அவர் செபமாலையை எடுத்து உருட்டத் தொடங்கினார்.

கடைக்கார அண்ணைக்கு ஒலிவாங்கி கையில் கிடைத்தால் போதும். கடையில் அரிசிப் பையைத் தவிர வேறு பேச்சில்லாத மனிதர், பஸ்ஸில் பேராசிரியர்.

"கவனமாக் கேளுங்கோ பிள்ளையள். நூறு வருசத்துக்கு முந்தி ஒரு பெரிய கண்காட்சிக்கெண்டு கட்டினது. முழுக்க இரும்பு. அந்த நேரம் உலகத்திலை மனிசன் இதைவிட உயரமா ஒண்டும் கட்டேல்லை. எழுதுறவை, படம் கீறுறவை எல்லாம் சேந்து, ஊரின்ரை வடிவைக் கெடுக்கிற இரும்புக் கம்பம் எண்டு கத்தினவை. சரி சரி, இருவது வருசத்திலை கழட்டுறம் எண்டு சொல்லித்தான் விட்டது. அதுக்கும் இருவது வருச விசாதான்!"

பஸ் அதிரச் சிரித்தார்கள். யாரோ பின்னாலிருந்து கேட்டார்கள்: "பேந்து எப்பிடி அண்ணை தங்கினது?"

"வானொலிக் கம்பி கட்ட உதவும் எண்டு காட்டிச்சுது. வேலை காட்டினாப் பிறகு ஆர் திருப்பி அனுப்புவான்? நிரந்தர விசா குடுத்திட்டான்!"

அடுத்துக் கதையை லண்டனுக்குக் கொண்டுவந்தார். அந்தக் கோபுரத்தைப் பார்த்து இங்கிலீசுக்காரருக்கு வயிற்றெரிச்சல் வந்து, அதைவிட உயரமாக வெம்பிளியில் ஒன்று கட்ட வெளிக்கிட்டார்களாம். முதல் தட்டோடு நின்றுபோனது. நிலம் தாழ்ந்து, பார்க்க வந்த சனமும் குறைந்து, கடைசியில் வெடிவைத்து விழுத்திவிட்டார்கள். அந்த இடத்தில்தான் இப்போது பந்தடிக்கிற மைதானம் இருக்கிறது. "அதுக்கு வேலை காட்டத் தெரியேல்லை" என்று முடித்தார். நானும் சிரித்தேன். மடியில் இழவை வைத்துக்கொண்டு சிரித்தேன். பஸ்ஸில் இருந்த அத்தனை பேரும் ஏதோ ஒரு காலத்தில் விசா நீடிக்குமோ என்று வரிசையில் நின்றவர்கள், சிரிக்காமல் என்ன செய்வோம்?

காலையில் இறங்கியபோது மழை தூறிக்கொண்டிருந்தது. நிமிர்ந்து பார்த்தேன். உண்மையைச் சொன்னால், ஒரு நிமிடம் அம்மாவையும் மறந்தேன், தம்பியையும் மறந்தேன். இரும்பை இப்படிச் சரிகைப் பின்னல் மாதிரி முகில்வரை பின்னிக்கொண்டு போவார்களா! பக்கத்தில் நின்ற வயதான வெள்ளைக்காரர் ஒருவர் தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு வாய் பிளந்து நின்றார். தம்பி சொன்னது சரிதான், எல்லாரும் மேலேதான் பார்த்தார்கள்.

பிறகுதான் கீழே பார்த்தேன். நாலு கால். படத்தில் எப்போதும் இரண்டுதான் தெரியும். இங்கே நாலு பாரிய கால்கள், ஒன்றுக்கொன்று அவ்வளவு தூரம், நடுவில் பெரிய வெளி, ஒவ்வொரு பக்கமும் ஒரு வளைவு. எல்லாப் பக்கமும் வாசல். வாசல் என்று ஒன்றுமே இல்லை.

"அண்ணை, இதிலை முன்பக்கம் எது?"

கடைக்கார அண்ணை தலையைச் சொறிந்தார். "இதுக்கு முன்னும் இல்லை, பின்னும் இல்லைப் பிள்ளை."

கிழக்கு வாசலில் நிற்பானென்று நினைத்தேன். கிழக்கு எது? சூரியன் இருந்தால்தானே. இறங்கிய இடத்துக்குக் கிட்டவிருந்த காலடியில் நின்றேன். குடையும் மழையங்கியுமாகச் சனம் வரிசையில் நின்றது. ஒரு பெண் அழுகிற பிள்ளைக்குக் கோபுரப் பொம்மை வாங்கிக் கொடுத்தாள். மணவாளக் கோலத்தில் ஒரு சோடி மழையில் நனைந்து படமெடுத்தது. கறுத்தத் தலை தெரிந்தபோதெல்லாம் ஓடினேன். ஒருவரும் அவனில்லை. பத்தரை ஆனது. சரி, அவன் வேறு ஏதோ காலடியில் நிற்கிறான், நான்தான் போக வேண்டும் என்று நடக்கத் தொடங்கினேன்.

ஒரு சுற்று வந்தேன். இல்லை. இரண்டாம் சுற்றும் வந்தேன். ஒவ்வொரு காலடியிலும் நின்று ஒவ்வொரு முகமாகப் பார்த்தேன். நான் கடைசியாகக் கண்டது ஒரு பொடியனை. இப்போது அவனுக்குத் தாடியோ, தலை வழுக்கையோ யார் கண்டது? நானும் மூன்று பிள்ளை பெற்று, கோட்டும் தொப்பியுமாக ஊதிப்போயிருந்தேன். "தம்பி! டேய் தம்பி!" என்று கத்தினேன். சனம் ஒருதரம் திரும்பிப் பார்த்துவிட்டு மறுபடி மேலே பார்த்தது.

மன்னார் அக்கா மரத்தடியில் என் பார்சலை வைத்துக்கொண்டு நின்றார். மூன்றாந்தரம் நான் அவரைத் தாண்டியபோது கையைப் பிடித்தார்.

"நீர் ஒரே பக்கமா அல்லோ சுத்துறீர். ஒருக்கா மற்றப் பக்கத்தாலை போய்ப் பாருமன்."

எனக்கு எங்கிருந்தோ கோபம் பொத்துக்கொண்டு வந்தது. "உங்களுக்குத் தெரியாது. கொள்ளிக்குடத்தோடைதான் இடப்பக்கமாச் சுத்துறது. அது சாவீட்டுச் சுத்து. சீவனோடை இருக்கிற என்ரை தம்பியைத் தேடேக்கை இடம் சுத்தச் சொல்லுறீங்களே?"

"சரியம்மா, கோவிக்காதையும். அப்ப நான் போய்ப் பாக்கட்டோ?"

"உங்களுக்கு ஆளைத் தெரியாதே!"

அவர் செபமாலையை மறுபடி எடுத்தார். நான் மறுபடி வலமாகவே போனேன். கால் விறைத்தது, சப்பாத்துக்குள் தண்ணீர். கடைக்கார அண்ணை எனக்காக அரை மணிநேரம் பஸ்ஸை நிறுத்தி வைத்தார். பஸ்ஸுக்குள் முணுமுணுப்புக் கிளம்பிவிட்டது. "தங்கச்சி, இனி ஏலாது" என்று வந்து தோளைத் தொட்டார். கைக்கு எட்டினது வாய்க்கு எட்டவில்லை. லாசப்பலில் எல்லாரும் பத்திரிகையும் பலகாரமும் வாங்க, நான் பஸ்ஸிலேயே இருந்தேன். சம்பல் பார்சலைத் திரும்பவும் டூட்டிங்குக்கே கொண்டுவந்து, பிரிக்காமல் குப்பையில் போட்டேன்.

மறுநாள் ஞாயிறு. மணி அடித்தவுடன் பாய்ந்தேன்.

"எங்கையடா போய்த் துலைஞ்சனி?"

"நான் போய்த் துலைஞ்சனானோ? நீ எங்கை அக்கா நிண்டனி? ஒம்பதரைக்கே வந்திட்டன். ஆத்துப் பக்கத்துக் காலடியிலை நிண்டன், காணேல்லை. வேறை காலடியிலை நிக்கிறாயாக்கும் எண்டு சுத்தத் துடங்கினன். எத்தினை சுத்து! கால் வீங்கிப்போச்சு."

"நானும்தானடா சுத்தினனான்."

பிறகு நான் கேட்டேன், ஏன் கேட்டேனோ: "எந்தப் பக்கத்தாலை சுத்தினனி?"

"இதென்ன கேள்வி? வலத்தாலைதான். கோபுரத்தை வேறை எப்பிடிச் சுத்துறது?"

நான் போக அவன் வந்தான், அவன் போக நான் வந்தேன். நாங்கள் இருவரும் மழையில் ஒரு இரும்புத் தூணை நடுவில் வைத்து, ஒருவர் பின்னால் ஒருவராக, பக்தியாக வலம் வந்திருக்கிறோம். அவன் விழுந்து விழுந்து சிரித்தான். அத்தனை வருடத்தில் அப்படி அவன் சிரித்து நான் கேட்டதில்லை. "அம்மாவுக்குச் சொன்னால் வயிறு நோகச் சிரிப்பா" என்றான். அந்த வார்த்தையோடு நான் விம்மிவிட்டேன்.

"அக்கா? ... அக்கா, அழுகிறியோ? மெய்யே, என்னத்துக்கு இப்பிடி அந்தரப்பட்டு வந்தனி? அம்மாவுக்கு ஏதும் கடுமையோ?"

அவனே அந்தச் சொல்லை எடுத்துத் தந்துவிட்டான். கடுமை. இழவு சொல்கிறவன் வாசலில் நின்று சொல்லும் முதற் சொல். இனி நான் எதைச் சொல்லித் தாங்குவது? "அம்மா மாரிக்கே எங்களை விட்டிட்டுப் போட்டாவடா தம்பி" என்றேன். மறுபக்கத்தில் வாகனச் சத்தம் மட்டும் கேட்டது. "டேய், கதையடா, என்னோடை கதையடா" என்றேன். தொலைபேசி அட்டை முடிந்த கீச்சொலி கேட்டது. பிறகு ஒன்றும் இல்லை.

அடுத்த ஞாயிறு மணி அடிக்கவில்லை. அதற்கடுத்த ஞாயிறும் இல்லை. நான் சமையலறையில் கவிழ்த்து வைத்த கோப்பைகளைப் பார்க்க முடியாமல் எல்லாவற்றையும் நிமிர்த்தி வைத்தேன். என் கணவர் ஷிப்டை மாற்றிக்கொண்டு வீட்டில் நின்றார்.

மூன்றாம் ஞாயிறு எடுத்தான். அந்த அழைப்பைச் சொல்ல முன், அதற்குப் பிறகு நடந்ததைச் சொல்லிவிடுகிறேன். கடைசியில் அதைச் சொல்ல எனக்குத் தெம்பு வராது. அவனைப் பிரெஞ்சுக்காரர் கொழும்புக்கு விமானம் ஏற்றினார்கள். மாமா கட்டுநாயக்கா விமான நிலைய வாசலில் பொழுதுபட மட்டும் நின்றார். அந்த விமானத்தில் வந்த சனமெல்லாம் வெளியே வந்தது. தம்பி வரவில்லை. கேட்ட இடமெல்லாம் தெரியாது என்றார்கள். இன்றுவரை அதே பதில்தான்.

இனி அந்த அழைப்பு. குரல் அமைதியாக இருந்தது.

"அக்கா, நான் தடுப்பிலை இருக்கிறன். பொலிஸ் பிடிச்சிட்டுது."

"ஐயோ கடவுளே! எங்கை வைச்சடா?"

"கோபுரத்தடியிலை. மொட்டை அடிச்சுக்கொண்டு போனனான். இடப்பக்கமா மூண்டு தரம் சுத்தினனான். அம்மாவுக்கு நான்தானே செய்யவேணும்."

எனக்கு ஆத்திரமா அழுகையா என்று தெரியவில்லை. "ஏன்டா, சுத்துறதுக்கு உனக்கு வேறை இடமே கிடைக்கேல்லையே?"

"நீ என்னைத் தேடி வந்த இடம் அதுதானே அக்கா."

"அங்கை ஆரும் ஆற்றையும் முகத்தைப் பாக்காயினம் எண்டு சொன்னனி?"

"ஓம். எல்லாரும் மேலைதான் பாத்துக்கொண்டு நிண்டவை. நான் ஒருத்தன்தான் நிலத்தைப் பாத்துக்கொண்டு நடந்தனான்."